தொண்ணூற்று மூன்று

பனங்காட்டுச் சந்தில் நான்காவது வீடு.
கதவு திறந்தே கிடந்தது, அமில வாடையோடு.
என் டேப்லெட்டில் கேள்வி பதினேழு:
கடந்த ஏழு நாட்களில் என்ன வேலை செய்தீர்கள்?

பதில் சொன்னது புருஷன்,
கட்டிலில் காலைத் தொங்கப்போட்டபடி:
"அதா? அது சும்மாதாங்க இருக்குது வீட்ல."

அது தரையில் இருந்தது. பெயர் இருசாயி.
மடியில் ஒரு தாம்பாளம், அதில்
கடுகளவு வெள்ளி வளையங்கள்.
இடுக்கியால் ஒன்றைத் திறந்து
இன்னொன்றை நுழைத்து
மூடி
திறந்து
நுழைத்து
யாரோ ஒருத்தியின் கொலுசுக்குச்
சும்மா இருந்தாள்.

சும்மாவுக்கு எங்களிடம் எண் உண்டு.
தொண்ணூற்று இரண்டு: வீட்டு வேலை மட்டும்.
தொண்ணூற்று மூன்று: வீட்டு வேலையோடு
விறகு பொறுக்கல், தண்ணீர் சுமத்தல், தையல், இன்ன பிற.
இந்த மூன்றுக்காக யார் யாரோ
எத்தனையோ கூட்டங்களில் தொண்டை வறள
வாதாடியிருக்க வேண்டும்.
அதுவரைக்கும் விறகு
தானாக நடந்துதான் அடுப்புக்கு வந்தது.

அஸ்தம்பட்டி அலுவலகத்தின் பின்னறையில்
கரையான் மிச்சம் வைத்த பேரேடுகள் உண்டு.
நெட் இல்லாத ஒரு மழைநாளில் புரட்டினேன்.
செவ்வாய்ப்பேட்டை வீடுகளைச் சாய்ந்த எழுத்தில்
ஒரு குமாஸ்தா பதிந்திருந்தார்:
நெசவாளி, ஆண், ஒன்று.
பாவுக்குக் கஞ்சி காய்ச்சியவள், தார் சுற்றியவள்,
இழை அறுந்தால் இரவில் முடிந்தவள் எல்லாம்
அவனைச் சார்ந்தோர், நான்கு.
மாட்டுக்குத் தனிப் பத்தி இருந்தது.

அடியில் ஒரு நாற்பது பக்க நோட்டு.
எப்படி அங்கே வந்ததென்று யாருக்கும் தெரியவில்லை.
எஸ்தர் ஜெபமணி, ஆராய்ச்சி மாணவி, எழுபத்தாறு.
ஏற்காட்டில் காபிப் பழம் பறிப்பவர்களுக்குப் பின்னாலேயே
மூடுபனியில் பதினோரு வாரம் நடந்திருக்கிறாள்,
கையில் அப்பாவின் கடிகாரத்தோடு.

குப்பாயி. வயது தெரியாது.
நாலரை, அடுப்பு. ஐந்து பத்து, சுனை.
ஐந்து ஐம்பது, மறுபடி சுனை.
ஏழு முதல் நாலு வரை சரிவில்.
நாலரை, விறகு. ஆறு, அடுப்பு.
ஒன்பது, எனக்குத் தூக்கம் வந்துவிட்டது. அவளுக்கு வரவில்லை.

ஓரத்தில் பென்சிலால்:
இன்று நானும் ஒரு கூடை பறித்தேன்.
மேஸ்திரி அதைக்
குப்பாயி புருஷன் பெயரில் வரவு வைத்தார்.

அதற்குப் பிறகு வெறும் பக்கங்கள்.

"உங்களுக்கு மாசச் சம்பளங்களா?"
இருசாயி கேட்டாள், தலை நிமிராமல்.
இல்லை, ஒரு படிவத்துக்கு இவ்வளவு என்று.
இப்போது நிமிர்ந்தாள்.
"எனக்குக் கிலோவுக்கு."

சொல்லவில்லை நான்.
போன கணக்கெடுப்பில் எங்கள் வீட்டுக்கும் ஒருவர் வந்தாராம்.
நான் வாழப்பாடியில் யார் வீட்டு வாசலிலோ
யாரோ ஒருத்தியின் மணிநேரங்களை எழுதிக்கொண்டிருந்தேன்.
மாமியார் சொன்னாராம்: மருமக சும்மாதான்,
இப்ப வெளிய போயிருக்குது.

"தண்ணி வந்துருச்சு" என்று
கட்டில் அறிவித்தது.
இருசாயி இடுக்கியை என் கையில் திணித்தாள்.
"நுனியப் புடிங்க, நழுவிரும்."
ஆறு குடம். அதற்குள்
நானாக ஒன்பது வளையம் கோத்துவிட்டேன்.

இடுப்பு நனைந்து வந்து பார்த்தாள்.
ஒன்பதையும் ஒவ்வொன்றாகப் பிரித்தாள்.
"பிரிக்கிறதுக்குக் கூலி கெடையாதுங்க."
சிரிப்பு அவளுக்குத்தான் முதலில் வந்தது.

திரை அணைந்திருந்தது. தட்டி எழுப்பினேன்.
தொண்ணூற்று மூன்றைத் தாண்டி
பதினொன்றைத் தொட்டேன்: சுயதொழில்.
அதுவும் பொய்தான்.
இடுக்கி வியாபாரியுடையது, வெள்ளி வியாபாரியுடையது,
முதுகுவலி ஒன்றுதான் சுயம்.
இருந்தாலும் தொட்டேன்.

அடுத்த கேள்வி: தினம் எத்தனை மணி நேரம்?
கட்டிலிலிருந்து தொண்டை செருமும் சத்தம்.
"இருங்க" என்றாள் இருசாயி,
அந்தப் பக்கம் திரும்பாமல்,
ஈர விரல்களை மடக்கத் தொடங்கி.
"காலைல இருந்து வர்றேன்."